ராஸ்லாந்து: சொல் விளக்கம்

ராஸ்லாந்து என்பது பேச்சு வழக்கிலிருந்து மறைந்துவிட்ட பழைய ஆங்கில வட்டாரச் சொல். ஹெதர் புதர் மண்டி, ஏர் படாமல், அடியில் ஈரம் வற்றாமல் கிடக்கும் திறந்தவெளி நிலம் என்பது அதன் பொருள். 1828-இல் வெளிவந்த வெப்ஸ்டர் அகராதி இதற்கு ஒரு தனிப்பதிவு கொடுத்து, வேல்ஸ் மொழியின் ‘ரோஸ்’ என்ற சொல்லை மூலமாகக் காட்டுகிறது. அதே அகராதியின் பிந்தைய பதிப்புகள் ‘வட்டார வழக்கு’ என்ற குறிப்பையும் சேர்த்தன. இன்று யாரும் இந்தச் சொல்லைப் பேசுவதில்லை. ஆனால் அதன் முதற்பாதி பிரிட்டன், அயர்லாந்து, பிரான்சின் பிரித்தானி ஆகிய இடங்களில் நூற்றுக்கணக்கான ஊர்ப்பெயர்களுக்குள் இருக்கிறது. ஊர்ப்பெயர்களைத் தமிழில் எழுதுபவர்களும் மொழிபெயர்ப்பவர்களும் தடுமாறும் இடமும் அதுதான்.

சொல் இரண்டு துண்டு. பின்துண்டான ‘லாந்து’, நிலம் என்ற பொருளுடைய ஆங்கிலச் சொல். முன்துண்டு வேல்ஸ் மொழியின் ‘ரோஸ்’, பன்மையில் ‘ரோசித்’. பூவான ரோஜாவுக்கும் இதற்கும் எந்த உறவும் இல்லை.

‘ரோஸ்’ முதலில் குறித்தது நிலத்தின் வடிவத்தை. ‘முன்னால் நிற்பது’, அதாவது துருத்திக்கொண்டு நிற்கும் நிலம். இந்தோ-ஐரோப்பிய மூலத்தில் ‘முன்’ என்ற பொருளுடைய ‘ப்ர’வும் ‘நில்’ என்ற பொருளுடைய ‘ஸ்தா’வும் கூடிய சேர்க்கை அது. அந்தச் சேர்க்கை வடமொழியில் ‘பிரஸ்தம்’ ஆகி, மேட்டுச் சமநிலம் என்ற பொருளில் நின்றது. இந்திரப்பிரஸ்தம் என்ற பெயரில் நாம் கேட்பது அதைத்தான். கெல்திக் மொழிகள் சொல்லின் முதலில் வரும் பகர ஒலியை இழந்துவிட்டன. வடமொழியில் பித்ரு, லத்தீனில் பாத்தெர் என்று இருப்பது ஐரிஷில் ‘அஹிர்’ ஆனதும் இதே விதியால்தான். ‘ப்ரஸ்த’வில் பகரம் உதிர்ந்து, ‘ஸ்த’ ஒடுங்கி ‘ஸ்’ ஆனால் கிடைப்பது ‘ரோஸ்’. ஹஸ்தினாபுரக் கதையில் வரும் நகரின் பெயரும் வேல்ஸின் ஆட்டு மேய்ச்சல் வெளியும் ஒரே வேரில் போய் முடிகின்றன என்பது இத்துறையின் சுவையான செய்திகளில் ஒன்று.

வடிவத்தைக் குறித்த சொல் எப்படிப் புதர்வெளியைக் குறிக்கத் தொடங்கியது? துருத்திய மேட்டில் மண் மெல்லியது, காற்று கடுமையானது. ஏர் அங்கே போகாது. உழப்படாத இடத்தில் எது வளர்ந்ததோ அதன் பெயராகவே மேட்டின் பெயர் மாறிப்போயிற்று. என்ன வளர்ந்தது என்பது ஊருக்கு ஊர் வேறு. வேல்ஸில் ஹெதரும் கோரையும் வளர்ந்ததால் அங்கே ‘ரோஸ்’ புதர்வெளி. அயர்லாந்தில் பல இடங்களில் மரம் வளர்ந்ததால் அங்கே அது காடு. கார்ன்வாலில் கடல்முனை, புதர்வெளி இரண்டும் உண்டு. பிரித்தானியில் குன்று.

ஆகவே ஓர் ஊர்ப்பெயரில் ‘ரோஸ்’ அல்லது ‘ராஸ்’ வந்தால் அகராதியைத் திறப்பதற்கு முன் நிலப்படத்தைப் பார்க்க வேண்டும். கடலுக்குள் நீளும் நிலமா, ஆற்றின் வளைவுக்குள் மாட்டிய மேடா? அப்படியானால் ‘முனை’. ஹெரஃபோர்ட்ஷயரின் ராஸ்-ஆன்-வை, வை ஆற்றின் மேல் துருத்தி நிற்கும் மேட்டில் இருக்கிறது. கார்ன்வாலின் ரோஸ்லாண்ட் தீபகற்பம் நம் சொல்லின் அதே சேர்க்கைதான். அங்கே பொருள் முனை. அங்குள்ள செயின்ட் ஜஸ்ட் தேவாலயத்துக்குப் போகிற பயணிகள் ரோஜாத் தோட்டத்தை எதிர்பார்த்தால் அது பெயரின் குற்றமல்ல.

உள்நாட்டு மேட்டில், கோரைக்கும் ஆட்டுக்கும் நடுவில் ஊர் இருந்தால் ‘புதர்வெளி’. ரெக்ஸம் நகருக்கு அருகிலுள்ள ரோஸ்லானர்க்ருகாக் நல்ல எடுத்துக்காட்டு. ரோஸ், லானர்க் என்றால் காட்டிடை வெளி, க்ருகாக் என்றால் ஹெதர் நிறைந்த. மூன்றையும் சேர்த்தால் ‘ஹெதர் வெளியின் மேய்ச்சல் மேடு’. பழைய சுரங்கத் தொழிலாளர் ஊர் அது. இவ்வளவு நீளத்தை யார் தினமும் சொல்வார்கள்? உள்ளூரில் வெறும் ‘ரோஸ்’தான். வேல்ஸின் பென்ரோஸ், கார்ன்வாலின் பென்ரோஸ் இரண்டும் ‘மேட்டின் தலை’. இயற்பியலாளர் ரோஜர் பென்ரோஸின் குடும்பப்பெயர் இந்தக் கார்ன்வால் வகையைச் சேர்ந்தது. அயர்லாந்தின் ராஸ்காமன், கோமான் என்ற பெயருடைய துறவியின் ‘காடு’. டோனகலின் ராஸஸ் வட்டாரமோ கடல்முனைகள். ஐரிஷ் பெயர்களில் தெற்கே காடு, வடக்கே முனை என்பது ஒரு கரடுமுரடான விதி. தொடக்கத்துக்கு உதவும், முடிவாக எடுத்துக்கொள்ளக் கூடாது.

ஸ்காட்லாந்தின் மெல்ரோஸைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். பழைய வடிவம் மைல்ரோஸ்; எட்டாம் நூற்றாண்டில் பீட் என்ற ஆங்கிலத் துறவி எழுதிய வரலாற்றில் இந்தப் பெயர் வருகிறது. ‘மொட்டை மேடு’ என்று பொருள். பழைய மடம் நின்ற இடம் ட்வீட் ஆறு மூன்று பக்கமும் சுற்றி வளைக்கும் முனை. பொருள் மறந்த பிறகு ‘மெல்’ என்றால் கல்தச்சனின் சம்மட்டி, ‘ரோஸ்’ என்றால் ரோஜா என்று பிரித்து, சம்மட்டியும் ரோஜாவும் கொண்ட ஊர்ச் சின்னமே செதுக்கிவிட்டார்கள். சின்னம் அழகுதான். சொற்பிறப்புக்கு அது சான்றாகாது.

போலிகளும் உண்டு. ரெக்ஸம் அருகிலுள்ள ராஸெட் என்ற ஊரின் வேல்ஸ் பெயர் ‘அர் ஓர்செத்’. அது வேறு சொல். டென்மார்க்கின் ரோஸ்கில்டவில் இருப்பது ஓர் ஆளின் பெயர். ஜெர்மனியின் ‘ராஸ்’ குதிரை. எழுத்து ஒத்தால் மட்டும் போதாது. கெல்திக் மொழி பேசப்பட்ட நாடா, நிலம் அந்தப் பொருளுக்கு இடம் தருகிறதா என்ற இரண்டையும் பார்க்க வேண்டும்.

இனி நிலத்துக்கு வருவோம். தமிழ் இணைச்சொல் தேடுவதில் நேரும் பிழைகளில் பெரும்பாலானவை நிலத்தைப் பார்க்காமல் சொல்லை மட்டும் பார்ப்பதால் வருகின்றன. மழை அதிகம், வெயில் குறைவு, அடியில் அமிலப் பாறை. மேல்மண்ணிலுள்ள இரும்பை மழைநீர் கரைத்துக் கீழே கொண்டுபோய் ஓர் அடுக்காகப் படியவைக்கிறது. அந்த அடுக்கு தகடு போல் இறுகியதும் நீர் அதைத் தாண்டி இறங்க முடிவதில்லை. மேலே தேங்கிய நீரில் காற்று புகாததால் செத்த செடி முழுதாக மட்காமல் சேர்ந்துகொண்டே போகும். அதுதான் பீட். அது வளரும் வேகம் ஆண்டுக்கு ஏறத்தாழ 1 மி.மீ.; ஒரு மீட்டர் ஆழம் என்றால் ஆயிரம் ஆண்டுக் கணக்கு. இவற்றில் பல வெளிகள் ஒருகாலத்தில் காடாக இருந்தவை. கற்காலத்திலிருந்தே மக்கள் வெட்டியும் எரித்தும் மேய்த்தும் திறந்துவிட்ட இடங்களில் மரம் திரும்பவில்லை.

வேல்ஸ் மொழிக்குள்ளேயே இந்த நிலங்களுக்குத் தனித்தனிச் சொற்கள் உண்டு. ‘கார்ஸ்’ கால் புதையும் சதுப்பு. ‘மாநாக்’ பீட் வெட்டும் இடம். ‘குவைன்’ ஈரமான மேட்டுப் புல்வெளி. ‘ஃப்ரீத்’ வயலுக்கும் மலைக்கும் இடைப்பட்ட சரிவு. ‘ரோஸ்’ இவற்றுக்கு நடுவில் நிற்கிறது: நடக்கலாம், மாடு மேய்க்கலாம், உழ முடியாது. இன்றைய பிரிட்டன் சூழலியலாளர்கள் ‘ரோஸ் மேய்ச்சல்’ என்று ஒரு வாழிடத்தையே பெயரிட்டு வைத்திருக்கிறார்கள். ஊதாநிற மூர்ப்புல்லும் கோரையும் கலந்த ஈர மேய்ச்சல் அது. மார்ஷ் ஃப்ரிட்டிலரி என்ற பட்டாம்பூச்சி அங்கே வாழ்கிறது. அதன் புழு தின்பது பெரும்பாலும் டெவில்ஸ்-பிட் ஸ்கேபியஸ் என்ற ஒரே செடியை. ஆடுகளை நெருக்கமாக விட்டால் செடி மொட்டையாகிவிடும். மேய்ச்சலையே நிறுத்தினால் வில்லோ புதர் ஏறிச் செடியை மூடிவிடும். மாடுகளை அளவாக விட்டால்தான் இரண்டும் பிழைக்கும். ஆக, ரோஸ் என்பது சும்மா கிடக்கும் நிலமல்ல. ஒரு குறிப்பிட்ட அளவில் பயன்படுத்தப்படும் நிலம்.

ஆங்கிலத்தின் பொதுச்சொல்லான ‘மூர்’ எதிர்த்திசையில் நடந்து வந்தது. பழைய ஆங்கிலத்தில் அது முதன்மையாகச் சதுப்பு. ஜெர்மனில் இன்றும் சதுப்புதான். சாமர்செட்டின் செட்ஜ்மூர், 1685-இல் போர் நடந்த இடம், கடல்மட்டத்தை ஒட்டிய தாழ்நிலம். வடக்கே போகப்போக அதே சொல் ஹெதர் மூடிய உயர்வெளியைக் குறிக்கலாயிற்று. ஈரத்தில் தொடங்கி மேட்டுக்கு ஏறியது மூர். மேட்டில் தொடங்கி ஈரத்தில் இறங்கியது ரோஸ். சந்தித்துக்கொண்டது ஒரே நிலத்தில்.

இலங்கைத் தமிழில் எழுதுபவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. அங்கே ‘மூர்’ என்றால் முஸ்லிம் மக்கள். போர்த்துக்கீசர் வழியாக வந்த அந்தச் சொல் வட ஆப்பிரிக்காவின் பழைய மக்கட்பெயரிலிருந்து வந்தது, நிலத்துக்குத் தொடர்பில்லை. தமிழில் அவர்கள் சோனகர். இயந்திர மொழிபெயர்ப்பில் இந்த இரண்டும் கலந்துவிடலாம்.

தமிழ் இணைச்சொல் எது? பலரும் முதலில் எடுப்பது ‘தரிசு’. இது பொருந்தாது. தரிசு என்பது பயிர்நிலத்தின் ஒரு நிலை: இந்த ஆண்டு விதைக்கவில்லை, நாளை விதைக்கலாம். வருவாய்த்துறை ‘தீர்வை ஏற்பட்ட தரிசு’, ‘தீர்வை ஏற்படாத தரிசு’ என்று பிரிப்பதே, பயிரிட்டு வரி வாங்கக்கூடிய நிலமா என்ற கேள்வியிலிருந்துதான். ரோஸ் அந்தக் கணக்குக்குள் வராது. ‘களர்’ உப்பேறிய நிலம்; அமில மண்ணுக்கு நேர்மாறு. ‘சதுப்பு’ பாதி சரி. ஈரம் வருகிறது, மேடும் மேய்ச்சலும் வரவில்லை. ‘பாழ்நிலம்’ வெறும் வசவு.

‘புறவு’ என்ற சங்கச் சொல் ஆசையைத் தூண்டுகிறது. முல்லை நிலம், குறும்புதர், மாடு மேய்ப்பவர்கள் எல்லாம் அதில் இருக்கிறது. ஆனால் இன்றைய வாசகர் புறாவைத்தான் நினைப்பார். கவிதைக்கு வைத்துக்கொள்ளலாம்.

மிஞ்சுவது ‘கரம்பு’. ஏர் படாமலோ, நெடுங்காலம் ஏர் மறந்தோ இறுகிக் கிடக்கும் நிலம். தரிசுக்கும் கரம்புக்கும் உள்ள வேறுபாட்டை ஊர்ப்புறத்தில் விளக்க வேண்டியதில்லை. இதை அடிச்சொல்லாக வைத்தால் வரிசை எளிதாகிறது: மூர்லாந்துக்குக் கரம்பு மேடு, ‘ஹீத்’ எனும் புதர்வெளிக்குக் குறும்புதர்க் கரம்பு, ராஸ்லாந்துக்கு ஈரக்கரம்பு. கடைசிச் சொல்லில் ஒரு முரண் இருக்கிறது. நம் காதில் கரம்பு காய்ந்தது. அந்த முரணை விட்டுவைப்பதே நல்லது. மேலே புதர், அடியில் நீர் என்ற விசித்திரத்தை அதுதான் சொல்கிறது.

சொல் தவறினால் என்ன ஆகும் என்பதற்கு நீலகிரி இருக்கிறது. உயர் நீலகிரியின் புல்வெளிகள் உருண்டு கிடப்பதைப் பார்த்த ஆங்கிலேயர் புல் மூடிய உருண்ட மேடுகளுக்கான தங்கள் ஊர்ச் சொல்லான ‘டவுன்ஸ்’ என்பதை வைத்தார்கள். வென்லாக் டவுன்ஸில் இருப்பது 1890-களில் சென்னை ஆளுநராக இருந்தவரின் பெயர். கோர்ஸ் என்ற மஞ்சள் பூப் புதரையும் கொண்டுவந்தார்கள். அது இன்றும் அங்கே களை. இடைப்பள்ளங்களில் பீட் படிந்த சதுப்புகள் உண்டு. 1993-இல் வெளியான ஆய்வொன்று அந்தப் பீட்டிலிருந்து இருபதாயிரம் ஆண்டுக் கணக்கில் பழைய தட்பவெப்பத்தை வாசித்துக் காட்டியது. இவ்வளவு பழைய நிலம் ஏடுகளில் வெற்று நிலமாகப் பதிவானதால் பெரும்பகுதியில் வாட்டில் மரமும் தைலமரமும் நட்டுவிட்டார்கள். ஸ்காட்லாந்தின் ஃப்ளோ கன்ட்ரியிலும் 1980-களில் வரிச்சலுகைக்காகப் பீட்டை உழுது ஊசியிலை மரம் நட்டார்கள். 1988 வரவுசெலவுத் திட்டம் அந்தச் சலுகையை நிறுத்திய பிறகே அது ஓய்ந்தது. நீர் வடிய வெட்டிய வாய்க்கால்களை இப்போது அடைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

எழுதும்போது சில நடைமுறைகள். ஊர்ப்பெயரை மொழிபெயர்க்க வேண்டாம். ‘ரோஸ்’ என்று ஒலிபெயர்த்து, பொருளை முதல்முறை மட்டும் சொன்னால் போதும். வேல்ஸ் மொழியில் தொடக்க ரகரம் மூச்சோடு வரும். தமிழில் அதற்கு எழுத்தில்லை. ‘ஹ்ரோஸ்’ என்றெல்லாம் எழுதிப் படிப்பவரைத் திணறடிக்காமல் ‘ரோஸ்’ என்றே விடலாம். வேல்ஸ் ஊர்ப்பெயருக்கு ‘ரோஸ்’; ஐரிஷ், ஸ்காட்டிஷ் பெயர்களுக்குப் பெரும்பாலும் ‘ராஸ்’. நிலவகையாக வந்தால் மட்டும் தமிழாக்கம்: “மந்தையை ஈரக்கரம்பில் விட்டுவிட்டு வந்தான்.” கதையில் பனியும் ஹெதரும் வருகிற உயர்வெளி என்றால் ‘கரம்பு மேடு’. பழைய சட்டப் பத்திரத்தில் ‘ராஸ்லாந்து’ வந்தால் புதரையும் ஈரத்தையும் சேர்த்து ‘புதர் மண்டிய ஈரக்கரம்பு நிலம்’ என்று விரித்து எழுதுவது பாதுகாப்பு; பத்திரத்தில் சுருக்கம் யாருக்கும் உதவாது.