டிசம்பரில் வரும் சங்கிலி

கிருஷ்ணகிரியில் ஒரு வங்கிக் கிளையில் பதினொரு வருடம் நகைக்கடன் கவுண்டரில் உட்கார்ந்திருந்தேன். அந்த நாற்காலியில் இருப்பவருக்குக் காலண்டர் தேவைப்படாது. ஜூன் முதல் வாரம் கூட்டம் அலைமோதினால் பள்ளிக்கூடம் திறந்துவிட்டது என்று அர்த்தம். ஆவணி பிறந்ததும் வந்தால் கல்யாணச் செலவு. டிசம்பர் பத்தாம் தேதிக்கு மேல் எலத்தகிரிப் பக்கத்திலிருந்து ஆட்கள் வர ஆரம்பித்தால் கிறிஸ்துமஸ்.

அப்படி வரும் நகைகளில் ஒரு சங்கிலியை எனக்கு நன்றாகத் தெரியும். மூன்று பவுன், கொக்கிக்குப் பக்கத்தில் ஒரு பற்றவைத்த தழும்பு. மதிப்பீட்டாளர் அதைத் தராசில் வைப்பதற்கு முன்பே எடையைச் சொல்லிவிடுவார். ஏழு டிசம்பர் தொடர்ந்து வந்தது. மாங்காய் சீசன் முடிந்து காசு கைக்கு வந்ததும் ஜூலையில் திருப்பிக்கொண்டு போவார்கள். ஒரு வருடம் மாங்காய்க்கு விலை இல்லை. அந்த வருடம் வட்டியை மட்டும் கட்டிப் புதுப்பித்தார்கள். கழுத்துக்குப் போகாமலே சங்கிலி அடுத்த கிறிஸ்துமஸைப் பெட்டகத்துக்குள் கொண்டாடியது.

“இந்தத் தடவை எதுக்கும்மா?” என்று வழக்கம்போல் கேட்பேன். விண்ணப்பத்தில் காரணம் எழுத வேண்டும். “பண்டிகைதாங்க சார். வேற எதுக்கு?” என்பார் அந்த அம்மா, நான்தான் புரியாமல் கேட்கிறேன் என்பதுபோல்.

இப்போது நிதிக் கல்வி மையம் ஒன்றில் ஆலோசகராக இருக்கிறேன். கவுண்டரில் பார்த்ததை ஊர் ஊராகப் போய்ப் பேசுகிற வேலை. “பண்டிகைக்குச் செலவு பண்ணாதீர்கள்” என்று பேசினால் அடுத்த கூட்டத்துக்கு யாரும் வரமாட்டார்கள், வரவும் கூடாது. கேக்கும் குடிலும் ஸ்டாரும் இல்லாமல் அந்தக் குழந்தைகளுக்கு என்ன டிசம்பர்? அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் குடியேற்றத்தில் 1659-ல் கிறிஸ்துமஸ் கொண்டாடினால் ஐந்து ஷில்லிங் அபராதம் என்றே சட்டம் போட்டார்கள். போட்டவர்கள் கடும் பக்திமான்கள்! இருபத்திரண்டு வருடம்தான் தாக்குப்பிடித்தது, 1681-ல் எடுத்துவிட்டார்கள்.

அதனால் வேறு நாடுகளில் இந்தச் செலவை எப்படிச் சமாளிக்கிறார்கள் என்று தேடிப் படிக்க ஆரம்பித்தேன். அவர்கள் எவ்வளவு செலவு செய்கிறார்கள் என்பது எனக்குப் பெரிதாகப் படவில்லை. பணம் அவர்கள் கைக்கு எப்போது வருகிறது என்பதைத்தான் திரும்பத் திரும்பப் படித்தேன்.

பிலிப்பைன்ஸை எடுத்துக்கொள்ளுங்கள். அங்கே செப்டம்பர் பிறந்தாலே கடைகளில் கிறிஸ்துமஸ் பாட்டு ஒலிக்கும். டிசம்பர் 16 முதல் 24 வரை ஒன்பது நாள் விடியற்காலைத் திருப்பலி, அப்புறம் நள்ளிரவு விருந்து, ஞானப்பெற்றோர் வீட்டு வாசலில் பிள்ளைகள் வரிசை. செலவு கொஞ்சநஞ்சமில்லை. ஆனால் 1975-ல் வந்த அரசாணைப்படி, தனியார் நிறுவனங்கள் தொழிலாளர்களுக்குப் பதின்மூன்றாம் மாதச் சம்பளம் என்று ஒன்று கொடுத்தாக வேண்டும், அதுவும் டிசம்பர் 24-க்குள். மெக்சிகோவில் குறைந்தது பதினைந்து நாள் கூலியை டிசம்பர் 20-க்கு முன் கொடுக்க வேண்டும் என்று தொழிலாளர் சட்டமே சொல்கிறது. ஜெர்மனியில் சட்டக் கட்டாயம் கிடையாது. இருந்தும் பல நிறுவனங்கள் நவம்பர் சம்பளத்தோடு கிறிஸ்துமஸ் பணம் என்றே பெயர் வைத்துக் கொடுக்கின்றன.

இனி நம் பக்கம். நம் போனஸ் சட்டம் வருடச் சம்பளத்தில் குறைந்தபட்சம் 8.33 சதவீதம் என்று வைத்திருக்கிறது. கணக்குப் போட்டுப் பாருங்கள், அதுவும் ஏறக்குறைய ஒரு மாதச் சம்பளம்தான், அதாவது நம் ஊர்ப் பதின்மூன்றாவது மாதம். ஆனால் இங்கே அது தீபாவளியை ஒட்டித்தான் கைக்கு வரும். ஓசூர்த் தொழிற்சாலைகளில் வேலை செய்யும் கிறிஸ்தவக் குடும்பங்களுக்கும் அதே தேதிதான். இதில் யார் தப்பும் இல்லை, ஊரில் பெரும்பாலோர் பண்டிகை அது. என்ன ஆகிறது என்றால், அக்டோபரிலோ நவம்பரிலோ போனஸ் வரும்போது ஜவுளிக்கடையில் தள்ளுபடி, தெருவெல்லாம் பட்டாசு. “பக்கத்து வீட்டுப் பசங்க வெடிக்கும்போது எங்க பையனை எப்படி சார் சும்மா உட்கார வைக்கிறது?” என்று ஒரு அப்பா கேட்டார். கொஞ்சம் பட்டாசுக்குப் போகும், மீதி பழைய கடனுக்குப் போகும். கிறிஸ்துமஸ் வரும்போது பீரோவில் இருப்பது நகை மட்டும்தான்.

இந்த இடைவெளியைத் தாங்களே அடைத்துக்கொண்ட தொழிலாளர்கள் இருந்திருக்கிறார்கள். அமெரிக்காவில் பென்சில்வேனியா மாநிலத்தில் கார்லைல் என்று ஒரு சின்ன ஊர். அங்கே ஒரு வங்கி 1909-ல் ‘கிறிஸ்துமஸ் கிளப்’ என்று ஒரு கணக்கை ஆரம்பித்தது. செருப்புத் தொழிற்சாலை ஆட்கள் வாரா வாரம் சில்லறை போட்டார்கள், டிசம்பரில் மொத்தமாக எடுத்தார்கள். அது நாடு முழுக்கப் பரவியது. பின்னாளில் இந்தக் கணக்குகள் பலவற்றில் வட்டி சொற்பம், நடுவில் எடுத்தால் அபராதம். அப்படியும் ஆள் சேர்ந்துகொண்டே இருந்தார்கள். வட்டிக்காக யாரும் சேரவில்லை. தன் கை தன் காசை எடுக்காமல் இருக்க ஒரு பூட்டு வேண்டியிருந்தது.

இதை நான் கூட்டத்தில் சொன்னால் பெண்கள் சிரிப்பார்கள். “இதைத்தானே சார் நாங்க குழுவுல பண்றோம்?” சரிதான். தமிழ்நாட்டில் மகளிர் சுய உதவிக் குழுக்கள் 1989-ல் சர்வதேச வேளாண் வளர்ச்சி நிதியத்தின் உதவியோடு தொடங்கியதே தருமபுரி மாவட்டத்தில்தான். அப்போது கிருஷ்ணகிரியும் அதற்குள்தான் இருந்தது, 2004-ல்தான் தனி மாவட்டமானது. கார்லைல்காரர்கள் நமக்குப் பாடம் எடுக்க வேண்டிய அவசியம் இல்லை. ஆனால் குழுச் சேமிப்பைக் கல்வி, மருத்துவம், மாடு என்று எல்லாவற்றுக்கும் யோசிக்கிற நாம், வருகிற தேதி தெரிந்த பண்டிகைக்கு மட்டும் யோசிப்பதில்லை. ஆஸ்பத்திரிச் செலவு சொல்லாமல் வரும். டிசம்பர் 25 என்றைக்காவது சொல்லாமல் வந்திருக்கிறதா?

யோசிப்பவர்கள் போகும் இடம் சீட்டு. அங்கேதான் எனக்கு வயிற்றைக் கலக்கும்.

பிரிட்டனில் ஃபேர்பாக் என்று ஒரு நிறுவனம் இருந்தது. வருடம் முழுக்க மாதாமாதம் பணம் கட்டினால், கிறிஸ்துமஸுக்குப் பலகாரக் கூடையும் கடைக் கூப்பனும் வீடு வந்து சேரும். கட்டியவர்களில் பெரும்பாலோர் கைக்கும் வாய்க்கும் எட்டாத சம்பளக்காரர்கள். வசூலித்தவர்கள் யார் என்றால் அதே தெருவில் இருக்கும் அக்கா, தங்கை, சித்தி. 2006 அக்டோபரில், பண்டிகைக்கு இரண்டு மாதம் இருக்கும்போது, நிறுவனம் மூழ்கியது. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் பணத்தை இழந்தார்கள். இழந்ததில் பாதி அளவு திரும்பி வருவதற்கே வருடக்கணக்கில் ஆனது. அது வங்கி வைப்பு இல்லை, காப்பீடு இல்லை; முன்பணம் கட்டிய வாடிக்கையாளர் என்ற வகையில், நிறுவனத்திடமிருந்து பணம் வர வேண்டியவர்கள் வரிசையில் கடைசியில் நின்றார்கள்.

இதைப் படித்தபோது எனக்கு இங்கிலாந்து தெரியவில்லை. ஓசூர்ப் பக்கம் ஒரு குடியிருப்பில் நான் பார்த்த பலகாரச் சீட்டுதான் தெரிந்தது. மாதம் ஐநூறு, பன்னிரண்டு மாதம். முடிவில் ஒரு எவர்சில்வர் அண்டா, மளிகை, ஒரு கிராம் தங்கக் காசு. ஆசை யாருக்கு வராது? அக்டோபரில் சீட்டு நடத்தியவர் வீட்டில் பூட்டுத் தொங்கியது. வசூல் செய்து கொடுத்த பெண் அதே தெருவில்தான் இருக்கிறார். அவருடைய பணமும் போனதுதான். ஆனால் தெருக்குழாயில் தண்ணீர் பிடிக்கக்கூட அவர் இருட்டிய பிறகுதான் வருகிறார் என்று சொன்னார்கள்.

பலகாரச் சீட்டிலோ கிறிஸ்துமஸ் சீட்டிலோ சேருவதற்கு முன் நான் கேட்கச் சொல்வது ஒரே கேள்வி: “இது 1982-ஆம் வருடச் சீட்டு நிதிச் சட்டப்படி பதிவான சீட்டா, பதிவு நம்பர் என்ன?” கேட்டதும் எதிராளி முகம் சுருங்கினால் கிளம்பி வந்துவிடுங்கள். பதிவில்லாத வைப்புத் திட்டங்களைத் தடைசெய்ய 2019-ல் மத்தியச் சட்டம் வந்திருக்கிறது, புகார் கொடுக்கலாம். கொடுத்தால் பணம் அந்தக் கிறிஸ்துமஸுக்குள் வந்துவிடும் என்று மட்டும் நம்ப வேண்டாம்.

சரி, வந்த பணம் எங்கே போகிறது? ஜப்பானைப் பார்த்தால் சிரிப்பு வரும். அங்கே கிறிஸ்தவர்கள் ஏறக்குறைய நூற்றுக்கு ஒருவர். டிசம்பர் 25 அரசு விடுமுறைகூட இல்லை. ஆனால் 1974-ல் கேஎஃப்சி செய்த விளம்பரத்தால் கிறிஸ்துமஸ் என்றால் பொரித்த கோழி என்று ஆகிவிட்டது. வாரக்கணக்கில் முன்கூட்டியே சொல்லிவைத்து வாங்குகிறார்கள். ஸ்பெயினில் டிசம்பர் 22-ல் பெரிய லாட்டரிக் குலுக்கல், 1812-லிருந்து நடக்கிறது. நம் மாநிலத்தில் 2003-லிருந்து லாட்டரிக்குத் தடை, அதனால் அதன் ருசி இளைஞர்களுக்குத் தெரியாது. ஆனால் அங்கே ஒரு அலுவலகமே ஒரே எண்ணில் சீட்டு வாங்கும் காரணம் நமக்கு நன்றாகவே புரியும்: எல்லாருக்கும் விழுந்து எனக்கு மட்டும் விழாமல் போனால்? இந்தப் பயம் எந்த மதத்துக்கும் சொந்தமில்லை.

நம் பக்கம் அந்தப் பயம் பெரிதாக வந்து நிற்பது தலைக் கிறிஸ்துமஸில். மகளுக்குக் கல்யாணமான முதல் வருடம். மாப்பிள்ளைக்கு மோதிரம், துணி, சம்பந்தி வீட்டாருக்குத் துணி, பிரியாணி, கேக். என் கவுண்டரில் டிசம்பரில் வாங்கிய கடன்களில் அதிகத் தொகை இதற்குத்தான். குழந்தைகளின் உடுப்புக்கும் ஸ்டாருக்கும் யாரும் மூழ்கி நான் பார்த்ததில்லை. ஜோயல் வால்ட்ஃபோகல் என்ற பொருளாதார அறிஞர் 1993-ல் ஒரு கட்டுரை எழுதினார். அமெரிக்க மாணவர்களிடம், உங்களுக்கு வந்த கிறிஸ்துமஸ் பரிசுக்கு நீங்களாக இருந்தால் எவ்வளவு கொடுப்பீர்கள் என்று கேட்டார். கொடுத்தவர் போட்ட காசில் பத்தில் ஒரு பங்கிலிருந்து மூன்றில் ஒரு பங்குவரை வாங்கியவர் மனதில் காணாமல் போயிருந்தது. நண்பர்கள் கொடுத்ததில் இழப்பு குறைவு, அத்தை மாமா வகையறா கொடுத்ததில் அதிகம். பீரோவில் பிரிக்காமல் கிடக்கும் சம்பந்தி வீட்டுச் சட்டைத் துணிகளை எண்ணியவர்களுக்கு இது புதிய செய்தி இல்லை. நம் ஊர் மொய்க்கவர் இதற்கு எப்போதோ விடை கண்டுவிட்டது என்று சொல்லலாம். ஆனால் மொய் நோட்டில் ஏறிய பணம் திருப்பிச் செய்ய வேண்டிய கடன், அது தனிக் கதை.

ஐஸ்லாந்துக்காரர்கள் கிறிஸ்துமஸுக்கு முந்தின இரவு புத்தகம் கொடுத்துக்கொள்வார்கள். இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் மற்ற இறக்குமதிகளுக்குக் கட்டுப்பாடு, காகிதத்துக்கு அவ்வளவு இல்லை; அப்படிப் பிடித்த பழக்கம். எனக்குப் பிடித்த வழக்கம் இது. ஆனால் தலைக் கிறிஸ்துமஸுக்கு மாப்பிள்ளையிடம் புத்தகத்தை நீட்டச் சொல்லி எந்தக் கூட்டத்திலும் சொல்லும் தைரியம் எனக்கு இல்லை.

இனி கணக்கு. முப்பதாயிரம் ரூபாயை ஆறு மாதம் வாங்குகிறீர்கள் என்று வையுங்கள். வங்கி நகைக்கடனில் வருடத்துக்கு 9 சதவீதம் என்றால் வட்டி 1,350 ரூபாய். வெளியில் ‘மூணு வட்டி’க்கு வாங்கினால் மாதம் 900, ஆறு மாதத்துக்கு 5,400. ‘மூணு’ என்று காதில் விழுவது வருடத்துக்கு 36 சதவீதம். கடையில் ‘ஜீரோ வட்டி’ என்று டிவி கொடுக்கிறார்களா? அப்படி ஒன்றே கிடையாது என்று ரிசர்வ் வங்கி 2013-லேயே சொல்லிவிட்டது. செயலாக்கக் கட்டணம் எவ்வளவு, ரொக்கமாகக் கொடுத்தால் விலை எவ்வளவு என்று இரண்டையும் கேளுங்கள், ஒளிந்திருக்கும் வட்டி வெளியே வரும்.

சேமிப்பதென்றால் வங்கியில் மாதாமாதம் கட்டும் தொடர் வைப்பு, அதாவது ஆர்.டி. போதும். இதில் நானே ஒரு தப்பு செய்திருக்கிறேன். புது வருட வேகத்தில் ஜனவரியில் பன்னிரண்டு மாதக் கணக்கு ஆரம்பித்துக் கொடுத்தேன், ஒரு குழுவுக்கே. அது முதிர்வது அடுத்த ஜனவரியில்! கேக் தின்று, ஸ்டாரைக் கழற்றிப் பரணில் போட்ட பிறகு பணம் வந்து என்ன செய்ய? டிசம்பர் முதல் வாரத்தில் பன்னிரண்டு மாதத்துக்குப் போடுங்கள், தவறினால் மார்ச் முதல் வாரத்தில் ஒன்பது மாதத்துக்கு. இரண்டுமே பண்டிகைக்கு மூன்று வாரம் முன் கைக்கு வரும். தபால் நிலைய ஆர்.டி. ஐந்து வருடக் கணக்கு, இந்த வேலைக்கு ஒத்துவராது.

அந்தச் சங்கிலி அம்மா போன மார்ச்சில் எங்கள் கூட்டம் ஒன்றுக்கு வந்திருந்தார். கடைசி வரிசையில் உட்கார்ந்து ஒன்றும் பேசவில்லை. கூட்டம் முடிந்து ஜமுக்காளம் சுருட்டும்போது பக்கத்தில் வந்தார்.

“மாசம் எழுநூறு போட்டா டிசம்பர்ல எவ்வளவுங்க சார் வரும்?”

“ஒன்பது மாசத்துக்கு ஆறாயிரத்து முந்நூறு. மேல வட்டி ஒரு நூத்தி அம்பது, அறுபது.”

விரல் விட்டு எண்ணினார். “துணிக்கும் கேக்குக்கும் சரியாப் போச்சு. பிரியாணி?”

“எத்தனை பேருக்கும்மா?”

“நாப்பது பேருங்க.”

“நாப்பது பேரா?”

“கேரல் பாட வர்ற பசங்களே பதினஞ்சு பேரு சார். அவங்களைச் சும்மா அனுப்ப முடியுமா?” என்றவர், கொஞ்சம் யோசித்து, “சரி, எண்ணூறாப் போட்டுக்கறேன்” என்றார்.