‘செவரலி’ என்றால் ‘என் பங்கு மட்டும்’ என்று யார் சொன்னது?

“பத்திரத்துல தனித்தனியாகன்னுதானே சார் போட்டிருக்கு, மூணு பேர் கையெழுத்து, அப்போ என் பங்கு மூணுல ஒண்ணுதானே?” இந்தக் கேள்விக்கு வாயால் பதில் சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டது. நண்பரின் வங்கிக் கடனுக்கு ஷூரிட்டி (ஜாமீன்) போட்டுவிட்டுப் போன வாரம் வந்தவர் அந்த மூன்றில் ஒரு பங்குக்குக் காசோலையே எழுதி எடுத்து வந்திருந்தார், அதைக் கட்டிவிட்டால் வங்கி தன் பெயரை அடித்துவிடும் என்ற நம்பிக்கையில். கடன் வாங்கிய நண்பர் தொழிலை மூடிவிட்டார். கூட ஷூரிட்டி போட்ட ஒருவர் வெளிநாட்டில், இன்னொருவர் பெயரில் சொத்து எதுவும் இல்லை. மாதச் சம்பளக்காரர் இவர் ஒருவர்தான். வங்கி யாரைத் தேடி வரும் என்று நினைக்கிறீர்கள்?

எழுதியே வைத்துவிடுகிறேன், அடுத்து வருபவருக்கு இதை அனுப்பிவிடலாம்.

‘ஜாயிண்ட்லி அண்ட் செவரலி’ (jointly and severally), தமிழில் ‘கூட்டாகவும் தனித்தனியாகவும்’. இந்தியாவில் கடன், ஜாமீன், வாடகை, கூட்டு வணிகம் என்று எந்த ஆங்கிலப் பத்திரத்தைப் புரட்டினாலும் எங்கோ ஓர் ஓரத்தில் இந்தத் தொடர் உட்கார்ந்திருக்கும். இதில் ‘செவரலி’ என்ற வினையடையைச் சட்டத்துக்கு வெளியே இன்று யாரும் பேச்சில் பயன்படுத்துவதில்லை. ‘செவரல்’ என்றால் ‘பல’ என்று பள்ளியில் படித்திருப்போம், ஆனால் அந்தச் சொல்லுக்குப் பழைய பொருள் ‘பிரிந்த, தனியான’ என்பதுதான். பழைய ஆங்கில நாடகப் பிரதிகளில் காட்சி முடிவில் ‘எக்ஸியன்ட் செவரலி’ என்று குறிப்பு வரும். எல்லோரும் கும்பலாக வெளியேறாமல் ஆளுக்கொரு வழியாகப் போகிறார்கள் என்று அர்த்தம். பத்திரத்தில் இருப்பது அந்தப் பழைய பொருளின் மிச்சம். ‘கூட்டாகவும் பலமுறையும் பொறுப்பாவார்கள்’ என்று கைபேசி செயலி மொழிபெயர்த்துக் கொடுத்த தாளையும் ஒருவர் கொண்டுவந்து காட்டியிருக்கிறார். சிரித்துவிட்டு ஒதுக்கிவிடலாம், அபத்தம் என்பது பார்த்த உடனே தெரிகிறது.

ஆபத்து சரியான மொழிபெயர்ப்பில்தான் இருக்கிறது. ‘கூட்டாகவும் தனித்தனியாகவும்’ என்பதுதான் வழக்கமான சட்டத் தமிழ், அதில் பிழை ஒன்றும் இல்லை. ஆனால் நாலு பேர் சாப்பிட்டுவிட்டுத் தனித்தனியாகக் காசு கொடுத்தோம் என்றால் அவரவர் சாப்பிட்டதற்கு அவரவர் கொடுத்தோம் என்றுதானே நம் காதில் விழும்? அந்தக் காதோடு பத்திரத்தைப் படித்தால் ‘தனித்தனியாக’ என்பது ஆறுதலான சொல்லாகத் தெரிகிறது. பலர் அதைப் பார்த்துவிட்டுத்தான் தைரியமாகக் கையெழுத்தே போடுகிறார்கள்! பத்திரத்தில் அது பணத்தைப் பிரிப்பதில்லை, ஆட்களைப் பிரிக்கிறது. கூட இருப்பவர்கள் யாரும் இல்லாமல் நீங்கள் ஒருவர் மட்டும் கையெழுத்துப் போட்டிருந்தால் எவ்வளவுக்குப் பொறுப்போ, அவ்வளவுக்கும் நீங்கள் பொறுப்பு. அடுத்தவரும் அப்படியே, அதற்கடுத்தவரும் அப்படியே.

இன்னொரு தரம் சொல்கிறேன், இங்கேதான் எல்லோரும் வழுக்கி விழுகிறார்கள். கடன் பாக்கி 12 லட்சம், பொறுப்பேற்றவர்கள் மூன்று பேர். நாலு, நாலு, நாலு என்று அது பிரியாது. பன்னிரண்டையும் உங்களிடமே கேட்கலாம். பன்னிரண்டையும் இன்னொருவரிடமும் கேட்கலாம். மூன்று பேர் மீதும் ஒரே வழக்கில் கேட்கலாம். ஆளுக்குப் பன்னிரண்டு என்று 36 லட்சம் வாங்க முடியாது, மொத்த வசூல் கடன் பாக்கியைத் தாண்டக் கூடாது, அவ்வளவுதான் உங்களுக்குப் பாதுகாப்பு. யாரிடமிருந்து எவ்வளவு வாங்குவது என்ற முடிவு கடன் கொடுத்தவர் கையில் இருக்கிறது, அவர் சுலபமாக வசூலாகும் இடத்துக்குத்தான் போவார். நாலு லட்சம் கட்டினால் பாக்கி எட்டு லட்சமாகக் குறையும், அந்த எட்டுக்கும் நீங்கள் பொறுப்பாகவே இருப்பீர்கள்.

இதைக் கேட்டதும் விவரமானவர்கள் சிலர், “அப்போ அந்த ‘செவரலி’யை மட்டும் அடிச்சிட்டுக் கையெழுத்து போட்டா?” என்கிறார்கள். பிரயோஜனம் இல்லை. இந்திய ஒப்பந்தச் சட்டம், 1872, பிரிவு 43-ஐ எடுத்துப் பாருங்கள். இரண்டு பேரோ அதற்கு மேற்பட்டவர்களோ கூட்டாக ஒரு வாக்குறுதி கொடுத்தால், மாறாக வெளிப்படையான உடன்பாடு இல்லாதவரை, அதில் யாரை வேண்டுமானாலும் முழுவதையும் நிறைவேற்றச் சொல்லலாம். சட்டமே உதாரணமும் தருகிறது: ஏ, பி, சி மூவரும் சேர்ந்து டி-க்கு 3,000 ரூபாய் தருவதாக வாக்குக் கொடுக்கிறார்கள், டி அந்த 3,000-ஐ மூவரில் எவரிடமும் கேட்டு வாங்கலாம். ‘செவரலி’ என்ற சொல் அங்கே இல்லவே இல்லை, கூட்டு என்றாலே போதும். தப்பிக்க ஒரே வழி அந்த ‘மாறான உடன்பாடு’தான், அதாவது ‘இவருடைய பொறுப்பு இவ்வளவு தொகைக்கு மேல் போகாது’ என்று எண்ணாலும் எழுத்தாலும் பத்திரத்திலேயே எழுதி வாங்குவது.

பிறகு எதற்கு இந்த வால்? இங்கிலாந்தின் பழைய வழக்கிலிருந்து ஒட்டிக்கொண்டு வந்தது. அங்கே வெறும் ‘ஜாயிண்ட்லி’ என்றால் கடன் கொடுத்தவருக்குச் சிக்கல் இருந்தது. 1879-இல் முடிந்த கெண்டல் எதிர் ஹாமில்டன் வழக்கில், கூட்டாளிகள் இரண்டு பேர் மீது தீர்ப்பு வாங்கி, அவர்களிடம் ஒன்றும் தேறாமல், வசதியான மூன்றாவது கூட்டாளி ஒருவர் இருப்பதைப் பிறகு தெரிந்துகொண்டு அவர் மீது வழக்குப் போட்டவரை, போட முடியாது என்று அங்கே அன்று உச்ச நீதிமன்றமாக இருந்த பிரபுக்கள் சபை திருப்பி அனுப்பிவிட்டது. அந்த ஓட்டையை அடைக்கத்தான் வக்கீல்கள் ‘அண்ட் செவரலி’யை விடாமல் சேர்த்து எழுதினார்கள். நம் ஊர்ப் படிவங்கள் அதை அப்படியே நகல் எடுத்தன. (நம் தொழிலில் பாதி இப்படித்தான், முன்னால் இருந்தவர் எழுதியதை எடுக்கப் பயந்துகொண்டு அப்படியே விட்டுவைப்பது.)

அடுத்த நம்பிக்கை: “முதல்ல கடன் வாங்கினவன் சொத்தை ஏலம் விடட்டும், அப்புறம் என்கிட்ட வரட்டும்.” வங்கி அப்படிக் காத்திருக்க வேண்டியதில்லை, முதலிலேயே உங்களிடம் வரலாம். அதே ஒப்பந்தச் சட்டத்தின் பிரிவு 128-இன்படி, ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதாதவரை, ஜாமீன்தாரரின் பொறுப்பு கடன் வாங்கியவரின் பொறுப்புக்குச் சமமானது. பேங்க் ஆஃப் பீகார் வழக்கில், முதலில் கடனாளியிடம் எல்லா வழியிலும் முயன்று பார்த்துவிட்டுத்தான் ஜாமீன்தாரரிடம் போக வேண்டும் என்று கீழ் நீதிமன்றம் ஒரு நிபந்தனை போட, உச்ச நீதிமன்றம் அதைத் தூக்கிவிட்டது. 1969-இன் தீர்ப்புத் தொகுப்புகளில் வந்த இந்த வழக்கை இன்றும் வங்கி வக்கீல்கள் மனப்பாடமாகச் சொல்வார்கள். ஜாமீன்தாரரைக் காத்திருக்க வைத்தால் ஜாமீன் எதற்கு என்பதுதான் அதன் சாரம், வங்கி இடத்தில் உட்கார்ந்து பார்த்தால் அதில் நியாயம் இல்லாமலும் இல்லை.

கூட கையெழுத்துப் போட்டவர் வங்கியோடு தனியாகப் பேசி ஒரு தொகையைக் கட்டி வெளியேறிவிட்டால் நீங்களும் விடுபட்டீர்கள் என்று ஆகாது, பிரிவு 44-உம் 138-உம் அதைத் தெளிவாகவே சொல்கின்றன.

இனி இணையத்தில் படித்துவிட்டு வருபவர்களுக்கு. ‘செவரல் லயபிலிட்டி’ என்றால் அவரவர் பங்குக்கு மட்டும் என்று ஆங்கிலத் தளங்களில் இருக்கிறதே என்று சண்டைக்கு வருகிறார்கள். இருக்கிறது, அதுவும் உண்மைதான்! பல வங்கிகள் சேர்ந்து ஒரு பெரிய கடன் கொடுக்கும்போதும், ஒரே அபாயத்தைப் பல காப்பீட்டாளர்கள் பகிர்ந்துகொள்ளும்போதும் ‘செவரல் அண்ட் நாட் ஜாயிண்ட்’ என்று எழுதுவார்கள். லண்டன் லாய்ட்ஸ் சந்தையின் பாலிசிகளில் இது நிலையான வாசகம், ஒரு காப்பீட்டாளர் தன் பங்கைக் கொடுக்காவிட்டால் மற்றவர்கள் அதை ஈடுகட்ட மாட்டார்கள் என்று பொருள். அங்கே காப்பாற்றுவது ‘நாட் ஜாயிண்ட்’ என்ற சொற்கள். பெரிய நிறுவனங்கள் தங்களுக்கு அதை எழுதிக்கொள்கின்றன, உங்களுக்கு நீட்டும் படிவத்தில் ‘ஜாயிண்ட்லி அண்ட்’ போடுகின்றன. ஆகவே அந்த வினையடையை மட்டும் அகராதியில் தேடாதீர்கள், அதன் பக்கத்தில் என்ன நிற்கிறது என்று பாருங்கள்.

கடனைவிட மோசமான இடம் ஒன்று இருக்கிறது. பவர் பத்திரம். இரண்டு மகன்களுக்குச் சொத்தை விற்கும் அதிகாரம் எழுதிக் கொடுக்கும் அம்மா, இரண்டு பேரும் கலந்து பேசித்தான் செய்வார்கள் என்று நினைக்கிறார். பத்திரத்தில் ‘ஜாயிண்ட்லி அண்ட் செவரலி’ என்று இருந்தால் ஒரு மகன் மட்டும் போய்க் கையெழுத்துப் போட்டு விற்கலாம், இன்னொருவருக்குத் தெரிய வேண்டிய அவசியமே இல்லை. இருவரும் சேர்ந்தே செய்ய வேண்டும் என்றால் ‘ஜாயிண்ட்லி’ மட்டும்தான் இருக்க வேண்டும், கூடவே தமிழில் ‘இருவரும் சேர்ந்து மட்டுமே’ என்று எழுதச் சொல்லுங்கள். அதிலும் ஒரு சிக்கல் உண்டு, இருவரில் ஒருவர் இறந்தால் பொதுவாக அந்த அதிகாரமே முடிந்துபோகும். எது உங்களுக்குத் தேவை என்று யோசித்து முடிவெடுங்கள், பத்திரம் எழுதுபவரின் பழைய கோப்பு அதை முடிவுசெய்ய வேண்டாம். சங்கங்கள், அறக்கட்டளைகளின் வங்கிக் கணக்கும் இதே கதைதான்: கணக்கை இயக்கும் முறை என்ற கட்டத்தில் ‘செவரலி’ என்று குறித்துவிட்டு, செயலாளர் ஒருவரே எப்படிப் பணம் எடுத்தார் என்று பொதுக்குழுவில் கத்துகிறார்கள். நீங்கள் கொடுத்த அதிகாரம்தானே அது.

கூட்டு வணிகத்தில் கேட்கவே வேண்டாம். 1932-ஆம் ஆண்டுக் கூட்டாண்மைச் சட்டத்தின் பிரிவு 25, கூட்டாளியாக இருந்த காலத்தில் நிறுவனம் செய்த எல்லாவற்றுக்கும் ஒவ்வொரு கூட்டாளியும் கூட்டாகவும் தனித்தனியாகவும் பொறுப்பு என்கிறது. “நான் சும்மா பேருக்குத்தான் இருந்தேன், பத்து சதவீதம்தான்” என்றால், அந்தப் பத்து உங்களுக்குள் லாபம் பிரிக்க, வெளியாளுக்கு அது பொருட்டே இல்லை. விலகினால் வாட்ஸ்அப்பில் சொல்லிவிட்டுப் போகாதீர்கள், சட்டப்படி பொது அறிவிப்பு கொடுங்கள். பதிவு செய்த நிறுவனம் என்றால் கூட்டாண்மை நிறுவனப் பதிவாளருக்கு அறிவிப்பு, அரசிதழ், உள்ளூர் மொழி நாளிதழ் மூன்றும் வேண்டும். அதுவரை நடப்பவற்றுக்கும் உங்களை இழுக்கலாம்.

சரி, கையெழுத்துப் போடும் முன். முழுத் தொகையையும் நான் ஒருவனே கட்ட முடியுமா என்று உங்களையே கேளுங்கள், முடியாது என்றால் போடாதீர்கள், உறவு கெட்டாலும் பரவாயில்லை. தொகை வரம்பு எழுதச் சொல்லிக் கேளுங்கள், அச்சடித்த படிவத்தை மாற்ற மாட்டோம் என்று பெரும்பாலும் சொல்வார்கள், இருந்தாலும் கேளுங்கள். வெற்றுப் படிவத்தில் போடவே கூடாது, நகல் வாங்காமல் எழுந்து வரக் கூடாது. ‘உள்ளடக்கம் எனக்குத் தாய்மொழியில் விளக்கப்பட்டது, புரிந்துகொண்டேன்’ என்று ஒரு வரி இருக்கும், யாரும் விளக்காமலேயே அதன் கீழும் போட்டுவிடுகிறீர்கள், பிறகு நீதிமன்றத்தில் எதிர்த்தரப்பு முதலில் காட்டுவது அந்த வரியைத்தான். தயவுசெய்து விளக்கச் சொல்லுங்கள், கூச்சப்படாதீர்கள், வரிசையில் பின்னால் நிற்பவர் முணுமுணுத்தால் முணுமுணுக்கட்டும்.

ஏற்கெனவே போட்டவர்கள், அது ஓ.டி. (மிகைப்பற்று), சி.சி. (ரொக்கக் கடன்) கணக்கு போல எடுத்துக் கட்டி எடுத்துக் கட்டிப் போகும் கடனுக்கான தொடர் ஜாமீன் என்றால், ஒப்பந்தச் சட்டப் பிரிவு 130-இன்படி இனிமேல் எடுக்கப்போகும் பணத்துக்குப் பொறுப்பில்லை என்று வங்கிக்கு எழுத்தில் அறிவிப்பு கொடுக்க வழி உண்டு. அதுவரை எடுத்ததற்குத் தப்ப முடியாது, முழுதாகக் கொடுத்துமுடித்த கடனுக்கு இது உதவாது. பத்திரத்தில் இந்த உரிமையையே விட்டுக்கொடுத்திருக்கிறீர்களா என்றும் பாருங்கள்.

கட்டியே ஆக வேண்டிய நிலை வந்துவிட்டால், கையில் ரொக்கமாகக் கொடுக்காதீர்கள், யாருடைய கடனுக்காக எந்தப் பொறுப்பில் கட்டுகிறீர்கள் என்று ரசீதில் வரட்டும். கட்டிய தொகையைக் கடன் வாங்கியவரிடம் திரும்பக் கேட்க பிரிவு 145 இருக்கிறது, மொத்தக் கடனையும் அடைத்துவிட்டால் வங்கி பிடித்துவைத்திருந்த அடமானத்தின் மீது அதன் இடத்தில் நின்று உரிமை கோர 140 இருக்கிறது, கூட நின்ற ஜாமீன்தாரர்களிடம் சம பங்கு கேட்க 146 இருக்கிறது. மூன்றில் ஒரு பங்கு என்ற கணக்கு செல்லுபடியாவது இங்கேதான், உங்களுக்குள். அதிலும் ஒருவர் நொடித்துப்போனால் அந்த நஷ்டத்தை மிச்சம் இருப்பவர்கள் சமமாகச் சுமக்க வேண்டும்: கூட்டாக வாக்குக் கொடுத்தவர்களைப் பற்றிய பிரிவு 43-இன் அடுத்த உதாரணத்தில் 3,000-ஐயும் சி கட்டுகிறார், ஏ-யின் சொத்து கடனில் பாதிக்குத்தான் தேறும், ஆகவே ஏ-யின் சொத்திலிருந்து 500, பி-யிடமிருந்து 1,250 சி-க்குக் கிடைக்கும் (ஏ-யின் பங்கு 1,000-இல் குறையும் 500-ஐ பி-யும் சி-யும் ஆளுக்கு 250 சுமக்கிறார்கள்). கட்டிய பணத்தைத் திரும்பக் கேட்கும் இந்த வழக்குகளுக்குக் காலவரம்பு 3 ஆண்டு. நண்பர் பேசி முடித்துத் தருவார் என்று நாலு வருடம் காத்திருந்துவிட்டு ரசீதோடு என்னிடம் வராதீர்கள்.