ஈவ் டீசிங்: தமிழில் என்ன சொல்வது?

தெருவிலும் பேருந்திலும் மெட்ரோவிலும் பெண்ணிடம் ஆபாசமாகப் பேசுவது, உரசுவது, பின்தொடர்வது எல்லாவற்றுக்கும் நம் பக்கத்தில் வழங்கும் ஆங்கிலச் சொல் 'ஈவ் டீசிங்'. பிறந்ததும் இந்த மண்ணில்தான். இங்கிலாந்துக்காரருக்கு விளக்கிச் சொன்னால்தான் புரியும்.

'ஈவ்' என்பது விவிலியத்து ஏவாள், ஆதாமுக்குக் கனி கொடுத்தவள். 'டீஸ்' என்றால் கேலி. ஆசை காட்டியவள் அவள், அவன் செய்தது விளையாட்டு என்று பெயரே தீர்ப்பு எழுதிவிடுகிறது. பெண்ணியர்கள் இதை எதிர்த்தது அதனால்தான். அமெரிக்க எழுத்தாளர் லின் ஃபார்லி 1975-இல் கார்னெல் பல்கலைக்கழகத்தில், வேலைக்குப் போகும் பெண்கள் படும் தொல்லையைப் பேசவைத்தபோது 'செக்ஷுவல் ஹராஸ்மென்ட்' என்ற பெயர் பரவத் தொடங்கியது. நம் உச்ச நீதிமன்றம் 1997-இல், பணியிடத்தில் பெண்கள் படும் தொல்லை பற்றிய விசாகா தீர்ப்பில் அந்தச் சொல்லையே பயன்படுத்தியது. 2023 ஆகஸ்டில் வெளியிட்ட கையேட்டில், 'ஈவ் டீசிங்' வேண்டாம், 'தெருவில் நிகழும் பாலியல் துன்புறுத்தல்' என்று எழுதுங்கள் என்றது. தமிழ்நாட்டின் 1998 சட்டமும் முதலில் 'ஈவ் டீசிங்' பெயரைத் தாங்கி, பிறகு அதை உதறியது.

தமிழில் 'பெண்களைக் கேலி செய்தல்' அதே ஏவாள் கதைதான். 'சீண்டல்' செய்தித்தாள்களுக்குப் பிடித்த சொல். ஆனால் "தம்பியைச் சீண்டாதே" என்று பிள்ளைகளிடமும் சொல்கிறோமே, விளையாட்டு வாடை போகவில்லை. 'மானபங்கம்' இன்னும் மோசம்: செய்தவன் அவன், போவது அவள் மானமா? 'கற்பழிப்பு' போய் 'வன்புணர்வு' வந்ததும் இதே காரணத்தால்தான். 'பாலியல் துன்புறுத்தல்' என்பதே சரி. பேச்சில் 'பாலியல் தொல்லை' போதும்.

டெல்லித் தமிழர்களுக்கு இன்னொரு சிக்கல் உண்டு. காவல் நிலையத்தில் இந்தியில் 'சேட்சாட்' என்று ஒரே சொல்லில் எழுதிவிடுவார்கள். அதுவும் சீண்டல்தான். எந்தச் சட்டப் பிரிவில் வழக்கு என்பது, அவன் என்ன செய்தான் என்று எழுத்தில் இருப்பதைப் பொறுத்தது. குற்றங்களுக்குத் தண்டனை சொல்லும் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 75-ஆம் பிரிவில் ஆபாசப் பேச்சுக்கு ஓராண்டு வரை சிறை. விரும்பாத உடல் தொடுகையோடு பாலியல் நோக்கம் வெளிப்பட்டால் 3 ஆண்டு வரை. பின்தொடர்தல் 78-ஆம் பிரிவு. முதல் முறைக்கு 3, மறுபடி செய்தால் 5 ஆண்டு வரை. ஆகவே "கிண்டல் பண்ணினான்" என்று சொல்லாமல், எந்த மெட்ரோ நிலையம், எத்தனை மணி, எங்கே கை வைத்தான், என்ன சொன்னான் என்று அப்படியே சொல்ல வேண்டும். கெட்ட வார்த்தையானாலும் அவன் சொன்னபடியே, அவன் சொன்ன மொழியிலேயே பதிவாக வேண்டும். கூச்சப்பட்டு 'தப்பாகப் பேசினான்' என்று மழுப்பினால் வழக்கு வலுவிழக்கும். வாக்குமூலத்தைப் பெண் அதிகாரிதான் பதிய வேண்டும். சம்பவம் வேறு காவல் நிலைய எல்லையில் நடந்திருந்தாலும் புகாரை ஏற்றாக வேண்டும். எழுதியதைப் படித்துக்காட்டிய பிறகே கையெழுத்து. முதல் தகவல் அறிக்கையின் நகல் இலவசம்.