கோவளத்தில் என்ன தொழிற்சாலை?

"ஆஸ்டெண்ட் கம்பெனி கோவளத்தில் தொழிற்சாலை வைத்திருந்தது." இந்த வாக்கியத்தை எத்தனை முறைதான் படிப்பது? தொழிற்சாலையில் என்ன செய்தார்களாம், தீப்பெட்டியா? ஆங்கில 'ஃபாக்டரி'யை அப்படியே தொழிற்சாலை என்று மொழிபெயர்த்ததால் வந்த வினை இது.

ஆஸ்திரியாவை ஆண்ட புனித ரோமானியப் பேரரசர் ஆறாம் சார்லஸ் 1722இல் பட்டயம் கொடுத்த வணிகக் கம்பெனி அது. ஆஸ்டெண்ட், இன்றைய பெல்ஜியத்துத் துறைமுகம், அன்று ஆஸ்திரியாவின் கையில் இருந்தது. கோவளம், நம் சென்னைக்குத் தெற்கே இருக்கும் அதே கோவளம்தான்.

சொல்லுக்கு வருவோம். லத்தீனில் ஃபாக்டர் என்றால் செய்பவர், அப்புறம் முதலாளிக்காகக் கொள்முதல் செய்யும் ஏஜெண்ட். அவர் தங்கிச் சரக்கு சேர்த்த இடம் ஃபாக்டரி. போர்த்துக்கீசியர் ஃபெய்தோரியா என்றார்கள். ஆலை என்ற பொருள் பின்னால் ஏறியது, அவ்வளவுதான்.

துணி நெய்தது நெசவாளர் வீட்டுத் தறியில். ஃபாக்டரியின் வேலை முன்பணம் கொடுத்து வாங்கி, மூட்டை கட்டி, கப்பல் வரும்வரை பூட்டிவைப்பது. கப்பல் வந்தபின் சரக்குத் தேடக் கிளம்பினால் பருவக்காற்று மாறிவிடும்.

இதற்கு 'வணிகக் குடியேற்றம்' என்று ஒரு மாற்று சொல்கிறார்கள். கேட்கத் தூய தமிழ், பொருள்தான் தப்பு. நாலு கணக்கரும் ஒரு கிடங்கும் சேர்ந்தால் குடியேற்றமா? இங்கே அதைச் செலவழித்துவிட்டால் நிக்கோபாருக்கு எதைப் போடுவீர்கள்? வில்லியம் போல்ட்ஸ் என்ற வணிகரின் திட்டத்தில் போன ஆஸ்திரியக் கப்பல் 1778இல் நான்கவுரி, கமோர்ட்டா, டிரிங்கட், கச்சால் தீவுகளை உரிமை கொண்டாடி, ஸ்டால் என்பவரோடு சிலரை அங்கேயே இறக்கிவிட்டுப் போனது, தரங்கம்பாடியிலிருந்த டேனிஷ்காரர்கள் அது எங்கள் தீவு என்று மல்லுக்கு நின்றார்கள், 1783இல் ஸ்டால் இறந்தபின் எல்லாம் கலைந்தது. குடியேற்ற முயற்சி என்றால் அது. கோவளத்தில் நடந்தது வியாபாரம்.

என் ஓட்டு பண்டகசாலைக்கு. ரேஷன் கடை வாடை அடிக்கிறது என்றார் ஒரு நண்பர். அடிக்கட்டுமே, வாங்கி அடுக்கும் இடம் என்று யாருக்கும் சட்டென்று புரிகிறது. வடமொழி கலந்தது என்பவர்களுக்கு: தொழிற்சாலையில் இருப்பதும் அதே சாலைதான் ஐயா.

அகராதியில் முதலில் கண்ணில் பட்ட பொருளை எடுத்து ஒட்டிவிட்டுப் போகும் மொழிபெயர்ப்பாளர்களை என்ன சொல்ல? இதே ஆட்கள் ஃபாக்டரையும் விடவில்லை. போன மாதம் படித்த ஒரு கட்டுரையில், "கம்பெனியின் இரண்டு காரணிகள் காய்ச்சலில் இறந்தன."