அப்ரூவல் இருந்தால் பக்கத்து வீட்டுக்காரர் கேட்கக் கூடாதா?

காரைக்குடி, தேவகோட்டைப் பக்கம் பழைய வீட்டை இடித்துவிட்டு லாட்ஜோ அடுக்குமாடியோ எழுப்புகிறார்கள். அஸ்திவாரத்துக்கு வாணம் தோண்டியதும் பக்கத்து வீட்டுச் சுவரில் விரிசல் விடுகிறது. கேட்கப் போனால் பில்டர் ஒரு காகிதத்தை நீட்டுவார்: "அப்ரூவல் இருக்கு, எங்க வேணாலும் போங்க." இதற்குப் பயந்தே பலர் திரும்பிவிடுகிறார்கள்.

பயப்பட வேண்டாம். வரைபடம் 2019-ஆம் ஆண்டுக் கட்டட விதிகளுக்கு ஒத்துவருகிறது என்பதற்கு மேல் அந்தக் காகிதத்தில் எதுவும் இல்லை. எல்லை எது, நடுச்சுவர் யாருக்குப் பாத்தியம் என்பதையெல்லாம் அது தீர்மானிப்பதில்லை. 2500 சதுர அடி வரையுள்ள மனையில் 3500 சதுர அடி வரை கட்டும் வீட்டுக்கு இப்போது சுயசான்று முறையில், அதாவது விதிப்படிதான் கட்டுகிறேன் என்று விண்ணப்பிப்பவரே உறுதி சொன்னால், ஆன்லைனிலேயே அனுமதி கிடைக்கிறது. அதற்கு முன் இடத்தை யாரும் வந்து பார்ப்பதுகூட இல்லை.

வரைபடத்தை மீறிக் கட்டினால் உள்ளாட்சி அலுவலகத்துக்குப் போக வேண்டும். சுவர் சேதம், எல்லை, வெளிச்சம், காற்று என்றால் சிவில் கோர்ட். இடம் மாறிப் போய் நிற்பதில்தான் காலம் போகிறது. போலீஸில் "இது சிவில் மேட்டர்" என்பார்கள். திங்கட்கிழமை கலெக்டர் ஆபீஸில் கொடுக்கும் மனு, நீங்கள் யார்மேல் புகார் சொன்னீர்களோ அந்த அலுவலகத்துக்கே திரும்பி வரும். "உரிய நடவடிக்கைக்கு அனுப்பப்பட்டது" என்று உங்களுக்கு ஒரு கடிதமும் வரும். அதற்குள் அங்கே இரண்டாம் தளத்துக்குக் கான்கிரீட் போட்டிருப்பார்கள்.

மீறல் என்று சொல்ல, அனுமதித்த வரைபடம் கையில் வேண்டும். தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டிக் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். "மூன்றாம் நபர் தகவல்" என்று மறுத்தால் 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. புகாரில் 1971-ஆம் ஆண்டு நகர் ஊரமைப்புச் சட்டத்தின் 56, 57 பிரிவுகளைக் குறிப்பிட்டு, வேலையை நிறுத்தும்படி கேளுங்கள். ஒப்புகைச் சீட்டு வாங்காமல் நகராதீர்கள். ஒரு பொறி: உங்கள் தெருவைத் தொடர் கட்டடப் பகுதி என்று வகைப்படுத்தியிருந்தால் பக்கவாட்டில் இடம் விடத் தேவையில்லை. அதைப் பார்க்காமல் "ஒட்டிக் கட்டிட்டான்" என்று போனால் மனு அங்கேயே படுத்துவிடும்.

சுவர் பிரச்சினைக்கு இந்தப் பதில்களுக்காகக் காத்திருக்கவே கூடாது. கட்டடம் முடிந்த பிறகு தடையுத்தரவு கேட்டால், நஷ்டஈடு கேளுங்கள் என்றுதான் பெரும்பாலும் சொல்வார்கள். விவரமான பில்டர், தன்னைக் கேட்காமல் உத்தரவு போடக் கூடாது என்று கோர்ட்டில் முன்கூட்டியே கேவியட் மனு போட்டிருப்பார். அது 90 நாள் செல்லும். அதுவரை அவருக்குத் தெரிவிக்காமல் உங்களுக்கு உத்தரவு கிடைக்காது. ஆகவே தடையுத்தரவு மனுவோடு, இடத்தைப் பார்வையிடக் கோர்ட் நியமிக்கும் வக்கீல் கமிஷனரையும் கேளுங்கள். அவர் நேரில் பார்த்து எழுதும் அறிக்கைதான் பின்னால் பேசும்.

1882-ஆம் ஆண்டு ஈஸ்மெண்ட் (அடுத்தவர் சொத்தின்மேல் உள்ள அனுபவ உரிமை) சட்டப்படி 20 வருடம் தடையில்லாமல் அனுபவித்த வெளிச்சம், காற்று, பக்கத்து நிலம் உங்கள் கட்டடத்துக்குத் தரும் தாங்கல் ஆகியவற்றுக்கு உரிமை உண்டு. நம் ஊர் வீடுகளுக்கு வயதில் குறையில்லை. ஆனால் அடைத்தது தெரிந்தும் ஒரு வருடம் சும்மா இருந்தால் அந்த அனுபவம் முறிந்ததாகவே கணக்கு.

அடுத்து, வழக்குப் போடுவது யார்? வீடு பத்துப் பங்காளிகள் பேரில் இருக்கும்; பாதிப் பேர் சென்னையில், சிங்கப்பூரில். எல்லோரும் கையெழுத்துப் போட வேண்டும் என்று சொல்லித் திருப்பி அனுப்புவார்கள். தேவையில்லை, பொதுச் சொத்தைக் காக்க ஒரு பங்காளியே வழக்குப் போடலாம். வீட்டைப் பார்த்துக்கொள்பவர் தன் பேரில் போட்டால் நிற்காது. வெளிநாட்டிலிருந்து பவர் பத்திரம் வந்தால், இங்கே வந்த மூன்று மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்டிவிடுங்கள்.

விரிசலின் இரு கரையையும் சேர்த்து ஒரு காகிதத் துண்டை ஒட்டி, தேதி எழுதிப் போட்டோ எடுத்து வையுங்கள். விரிசல் வளர்ந்தால் காகிதம் கிழியும். பில்டரின் மேஸ்திரி சிமென்ட் சட்டியோடு வந்து, "நாங்களே பூசிக் குடுத்துடுறோம், ஆச்சி" என்பார். கமிஷனர் வந்து பார்க்கும்வரை சுவரைத் தொட விடாதீர்கள்.