மேகம் கூடினால்தான் டேக்: யோர்கோஸ் அர்வனிடிஸின் நீண்ட ஷாட்கள்

கிரேக்க ஒளிப்பதிவாளர் யோர்கோஸ் அர்வனிடிஸும் இயக்குநர் தியோ ஆங்கெலோபுலோஸும் 1970 முதல் 1998 வரை சேர்ந்து எடுத்த படங்களில் வெயில் அபூர்வம். 1975-இல் வந்த ‘த டிராவலிங் ப்ளேயர்ஸ்’ ஏறத்தாழ 4 மணி நேரம் ஓடும். ஷாட்களோ சுமார் 80தான். சராசரி பார்த்தால் ஷாட்டுக்கு 3 நிமிடம். அந்தச் சாம்பல் வானத்தைச் சோகத்தின் அடையாளமாக மட்டும் பார்ப்பது பாதிக் கதை. வெட்டாமல் எடுப்பவருக்கு வெயில் பெரிய தொல்லை.

கேமரா டிராலியில் நகர்ந்து ஊர்ச் சதுக்கத்தை முழு வட்டமாகப் பார்க்கிறது என்று வையுங்கள். வெயில் விழும் சுவருக்கும் எதிர்ப்பக்க நிழலுக்கும் 3 ஸ்டாப் (ஒரு ஸ்டாப் என்றால் வெளிச்சத்தில் இரு மடங்கு), அதாவது 8 மடங்கு, வித்தியாசம் சாதாரணமாக வரும். ஷாட்டை வெட்டி எடுத்தால் ஒவ்வொன்றுக்கும் அப்பெர்ச்சரை, அதாவது லென்ஸின் ஒளித் துளையை, மாற்றிக்கொள்ளலாம். இங்கே ஷாட் ஓடும்போதே அப்பெர்ச்சர் வளையத்தைத் திருப்ப வேண்டும். கொஞ்சம் அவசரப்பட்டாலும் திரையில் வெளிச்சம் ஏறி இறங்குவது அப்பட்டமாகத் தெரியும். போதாக்குறைக்கு டிராலியின் நிழலே ஃபிரேமுக்குள் விழும். கனத்த மேகம் இருந்தால் நிழல் இல்லை. வெளிச்சத்தை அளக்கும் லைட் மீட்டரின் ரீடிங்கும் திரும்பிய பக்கமெல்லாம் பெரிதாக மாறாது. கலைந்த மேகம்தான் வெயிலைவிட மோசம். ஏழாவது நிமிடத்தில் சூரியன் எட்டிப் பார்த்தால் அதுவரை ஓடிய ஃபிலிம் வீண்.

35 மி.மீ. ஃபிலிம் நொடிக்கு 24 ஃபிரேம் வேகத்தில் நிமிடத்துக்கு 90 அடி தின்னும். 1000 அடி மேகசின் (ஃபிலிம் சுருள் வைக்கும் பெட்டி) 11 நிமிடம் தாங்கும். 400 அடியில் நாலரை நிமிடம்கூடத் தேறாது. டேக், அதாவது ஷாட்டை எடுக்கும் ஒரு முயற்சி, முடிந்ததும் கேட் செக்: ஃபிலிமில் ஒளி விழும் சட்டத்தில் தூசி, தும்பு இருக்கிறதா என்று பார்ப்பது. ஃபிலிமிலிருந்து உரிந்த மெல்லிய சிம்பு கேட் ஓரத்தில் ஒட்டியிருந்தால், எந்த நிமிடத்தில் ஒட்டியது என்று அங்கேயே கண்டுபிடிக்க வழியில்லை. முழுசாக மறுபடி எடுக்க வேண்டியதுதான்.

ஃபோகஸ் கணக்கும் மேகத்தைப் பொறுத்ததே. 32 மி.மீ. லென்ஸில் அப்பெர்ச்சர் 5.6 (எண் குறைந்தால் துளை பெரிது) வைத்து 7.3 மீட்டரில் ஃபோகஸ் செய்தால், சுமார் 3.6 மீட்டரிலிருந்து அடிவானம் வரை கூர்மையாக இருக்கும். நடிகர் அதைவிடக் கிட்டே வந்தால்தான் ஃபோகஸை மாற்றும் உதவியாளரான ஃபோகஸ் புல்லருக்கு வேலை. மேகம் கறுத்து 2.8-க்குத் திறக்க நேர்ந்தால், அடிவானத்தையும் கூர்மையாக வைக்க ஃபோகஸைத் தள்ளிப் போட வேண்டும்; அந்த 3.6 மீட்டர் எல்லை 7.3-க்குப் போய்விடும், காலையில் பழகிய நடை, நிற்குமிடம் எல்லாவற்றையும் திரும்பக் குறிக்க வேண்டும்.

வட கிரீஸில் டிசம்பர் பகல் 9 மணி நேரத்தைச் சற்றே தாண்டும். சூரியன் மறையும் வேளையில் 10 நிமிட டேக் தொடங்கினால், முடிவதற்குள் வெளிச்சம் 1 ஸ்டாப்புக்கு மேல் இறங்கிவிடும்.