கிழங்கு தானே காய்ச்சும் பாகு

அமெரிக்காவில் நவம்பர் மாதத்தின் நான்காவது வியாழக்கிழமை தேங்க்ஸ்கிவிங் பண்டிகை. அன்று வான்கோழி வறுவலுக்குப் பக்கத்தில், குறிப்பாகத் தெற்கு மாநிலங்களில், பளபளக்கும் பாகில் ஆரஞ்சு நிறத் துண்டுகள் ஊறிக் கிடக்கும் தட்டு ஒன்று இருக்கும். ‘கேண்டீட் யாம்ஸ்’ என்பது அதன் பெயர். இனிப்புப் பண்டம்தான் என்றாலும் இறைச்சியோடும் பீன்ஸோடும் சேர்த்துத் தொடுகறியாகவே அதைச் சாப்பிடுவார்கள். ஒன்றரைக் கிலோ கிழங்குக்கு ஒரு கப் பழுப்புச் சர்க்கரை, அதாவது ஏறக்குறைய 200 கிராம், போடச் சொல்லும் செய்முறைகள் ஏராளம். அதில் பாதிகூடத் தேவையில்லை. பக்குவமாகச் சூடேற்றினால் கிழங்கு தன் மாவுச்சத்தைத் தானே சர்க்கரையாக்கிக்கொள்ளும்.

முதலில் பெயர்க் குழப்பத்தைத் தீர்த்துவிடுவோம். அமெரிக்கச் சந்தையில் யாம் என்று விற்பது பெரும்பாலும் யாமே அல்ல. நம் சர்க்கரைவள்ளிக் கிழங்கு, யாழ்ப்பாணத்தார் வற்றாளை என்பது. உண்மையான யாம் டையோஸ்கோரியா என்ற வேறு பேரினத்துக் கொடி. நம் பெருவள்ளியும், யாழ்ப்பாணத்தில் தேங்காய்ப்பாலும் சர்க்கரையும் சேர்த்துக் களியாகக் கிண்டும் ஊதா நிற இராசவள்ளியும் அந்த இனம். மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்கள் தங்கள் ஊர்க் கிழங்கின் பெயரை இந்தப் புதுக் கிழங்குக்கும் வைத்து அழைத்தார்கள். 1930-களில் லூசியானா விவசாயிகள், ஈரப்பதம் மிகுந்த தங்கள் ஆரஞ்சு ரகத்தை வெளிர் நிற ரகங்களிலிருந்து பிரித்துக் காட்ட அதே பெயரை விளம்பரத்தில் பயன்படுத்தினார்கள். பெயர் ஒட்டிக்கொண்டது. யாம் என்று அச்சிட்டால் சர்க்கரைவள்ளி என்றும் கூடவே அச்சிட வேண்டும் என்பது இன்று அந்நாட்டு வேளாண்மைத் துறையின் விதி. சமையலுக்கு இது வெறும் பெயர்ச் சண்டை அல்ல. இராசவள்ளியை எத்தனை மணி நேரம் சுட்டாலும் சர்க்கரைவள்ளியின் இனிப்பு வராது.

பச்சைச் சர்க்கரைவள்ளியில் ஒரு துண்டு கடித்துப் பாருங்கள். லேசான தித்திப்புதான் இருக்கும். அதிலுள்ளது சுக்ரோஸும் சிறிதளவு குளுக்கோஸும் ஃபிரக்டோஸும். மால்டோஸ் என்ற சர்க்கரை கிட்டத்தட்ட இல்லவே இல்லை. அதே கிழங்கை ஓவனில் சுட்டெடுத்தால் உள்ளே மால்டோஸ் நிறைந்திருக்கும். அதை உண்டாக்குவது கிழங்கில் ஏராளமாக இருக்கும் பீட்டா அமைலேஸ் என்ற நொதி. மாவுச்சத்து என்பது குளுக்கோஸ் மணிகள் கோத்த நீண்ட சரம். இந்த நொதி சரத்தின் நுனியைப் பிடித்து இரண்டிரண்டு மணியாக நறுக்கிக்கொண்டே போகும். அந்த இரண்டு மணித் துண்டுதான் மால்டோஸ்.

நொதியும் மாவுச்சத்தும் பச்சைக் கிழங்கிலேயே இருந்தும் அப்போது ஏன் வேலை நடக்கவில்லை? மாவுச்சத்து இறுகிய குருணைகளாக இருப்பதால் நொதியால் உள்ளே புக முடியாது. சூடு 60 டிகிரி செல்சியஸைத் தாண்டும்போது குருணைகள் நீரை உறிஞ்சி உப்பி, கஞ்சியாகக் குழையத் தொடங்கும். அப்போதுதான் சரங்கள் நொதியின் கைக்கு எட்டும். ஆனால் நொதியும் ஒரு புரதம். 75 டிகிரியைத் தாண்டினால் அது வேகமாகச் சிதைந்து செயலிழக்கும். ஆக, மாவு குழைந்தும் நொதி உயிரோடும் இருக்கும் நேரம் ஏறக்குறைய 60-க்கும் 75-க்கும் இடைப்பட்ட இந்தக் குறுகிய படியில் மட்டுமே. அந்தப் படியில் கிழங்கு எவ்வளவு நேரம் நிற்கிறதோ அவ்வளவு இனிப்பு.

மைக்ரோவேவில் ஏழெட்டு நிமிடத்தில் வேகும் கிழங்கு சப்பென்று இருப்பதன் காரணம் இதுதான். படியில் நிற்காமல் தாண்டிக் குதித்துவிடுகிறது. நறுக்கிக் கொதிநீரில் போட்டாலும் அதே கதை; போதாததற்கு இருக்கும் சர்க்கரையில் கொஞ்சம் தண்ணீரிலும் கரைந்து போகும். முழுக்கிழங்காக, தோலோடு, மிதமான ஓவனில் வைப்பதுதான் வழி. சுட்டெடுத்த தட்டைக் கவனித்தால் தோல் வெடித்த இடங்களில் கருத்த, பிசுபிசுத்த சொட்டுகள் ஒட்டியிருக்கும். கையால் தொட்டால் நூல் இழுக்கும். கிழங்கு தானே காய்ச்சிய பாகு அது.

மெதுவான சூட்டில் இன்னொரு லாபமும் உண்டு. செல்களை ஒட்டி வைத்திருக்கும் பசை பெக்டின். 60 டிகிரியை ஒட்டிய சூட்டில் மற்றொரு நொதி இந்தப் பெக்டினை மாற்றியமைக்க, கிழங்கில் இயல்பாகவே உள்ள கால்சியம் அதைப் பிணைத்து இறுக்கிவிடுகிறது. அதனால்தான் மெல்லச் சூடேறிய துண்டுகள் பிறகு பாகில் வெந்தாலும் விளிம்பு கரையாமல் நிற்கின்றன.

இனி அளவுகள். எட்டுப் பேருக்கு ஒன்றரைக் கிலோ ஆரஞ்சு நிறக் கிழங்கு. 5 முதல் 6 சென்டிமீட்டர் கனத்தில், எல்லாம் ஒரே பருமனாகப் பார்த்து எடுங்கள். கழுவித் துடைத்து, தோலோடு, 140 டிகிரி ஓவனில் 75 நிமிடம் வையுங்கள். கத்தி நுனி உள்ளே இறங்க வேண்டும், ஆனால் நடுவில் லேசாகத் தடுக்க வேண்டும். வழுக்கிக்கொண்டு போனால் அதிகம் வெந்துவிட்டது. கைபொறுக்கும் சூடு வந்ததும் தோலை உரித்து 2 சென்டிமீட்டர் வில்லைகளாக நறுக்குங்கள். 23-க்கு 33 சென்டிமீட்டர் அளவுள்ள தட்டில் ஒரே அடுக்காகப் பரப்ப இது சரியாக இருக்கும்.

சிறிய பாத்திரத்தில் 60 கிராம் வெண்ணெய், 80 கிராம் பழுப்புச் சர்க்கரை, 60 மில்லி தண்ணீர், முக்கால் தேக்கரண்டி உப்பு, ஒரு தேக்கரண்டி பட்டைத்தூள், கால் தேக்கரண்டி துருவிய ஜாதிக்காய் சேர்த்து இரண்டு நிமிடம் கொதிக்க விட்டு வில்லைகள் மேல் ஊற்றுங்கள். மூடாமல் 190 டிகிரியில் 30 நிமிடம். நடுவில் இரண்டு முறை பாகை மொண்டு மேலே ஊற்றுங்கள், ஒரு முறை வில்லைகளைத் திருப்பிப் போடுங்கள், கரண்டியால் கிண்டாதீர்கள். கடைசிப் பத்து நிமிடத்தில் மூன்று மேசைக்கரண்டி ஆரஞ்சுச் சாறும் ஒரு தேக்கரண்டி வெனிலாவும்.

சாற்றை முதலிலேயே ஊற்றுவதுதான் பலரும் செய்யும் தவறு. பெக்டின் கரைந்தால்தான் கிழங்கு மெத்தென்று ஆகும். புளிப்பான சூழலில் பெக்டின் எளிதில் கரையாது. பச்சைத் துண்டுகளைச் சாற்றிலும் சர்க்கரையிலும் நேரடியாகப் போட்டு ஒரு மணி நேரம் வேகவைத்த பிறகும் நடுப்பகுதி நறுக்கென்று இருப்பது இதனால்தான். பழுப்புச் சர்க்கரையில் உள்ள மொலாசஸ் என்ற கருத்த கரும்புப் பாகின் கால்சியமும் இந்த இறுக்கத்துக்குத் துணைபோகும்.

பாகு கெட்டியாகாமல் தண்ணீராக நிற்பது அடுத்த குறை. பச்சைத் துண்டின் மேல் சர்க்கரை பட்டதும் உள்ளிருக்கும் நீர் வெளியே கசியும். அலுமினியத் தாளால் இறுக மூடினால் ஆவியும் திரும்ப அதிலேயே சொட்டும். நீர் வற்றாதவரை பாகின் கொதிநிலை 100 டிகிரியை விட்டு அதிகம் ஏறாது. ஏறாமல் பாகும் இறுகாது. அகலமான தட்டு, ஒரே அடுக்கு, மூடி இல்லாமை, இந்த மூன்றும் அதற்காகத்தான்.

வேறொரு குறையை எந்த ஓவனாலும் சரிசெய்ய முடியாது. எத்தனை வேகவைத்தாலும் கிழங்கின் நடுவே மரக்கட்டை போல ஓரிடம் நின்றால், அது குளிரில் அடிபட்ட கிழங்கு. வெப்பமண்டலக் கொடியின் வேர் என்பதால் 10 டிகிரிக்குக் கீழே பல நாள் இருந்தால் அதன் திசு பழுதாகிவிடும். சமைக்காத கிழங்கை ஃபிரிட்ஜில் வைக்கவே கூடாது. அமெரிக்காவில் இந்தக் கிழங்கு அதிகம் விளையும் வட கரோலினாவில், தோண்டியதும் அதை ஏறக்குறைய 30 டிகிரி சூட்டிலும் 85 முதல் 90 சதவீத ஈரப்பதத்திலும் ஒரு வாரம் வரை வைக்கிறார்கள். தோண்டும்போது பட்ட காயங்களின் மேல் தக்கை போன்ற புதுத்தோல் படிகிறது. பிறகு 13 முதல் 15 டிகிரியில் சேமிப்பு. இந்த வாரங்களில் மாவுச்சத்தில் ஒரு பகுதி மெல்லச் சர்க்கரையாகிறது. செப்டம்பர், அக்டோபரில் தோண்டிய கிழங்கு நவம்பர் கடைசியில் நன்றாகத் தித்திக்கும். பண்டிகைக்கு நல்ல பொருத்தம்.

நம் ஊர்ச் சந்தையில் கிடைக்கும் செந்தோல், வெள்ளைச் சதைக் கிழங்கிலும் இதே நொதி உண்டு. ஆனால் அது வறண்ட, மாவான ரகம். பாகுக்குத் தண்ணீரை 60-க்குப் பதில் 100 மில்லி ஆக்கிக்கொள்ளுங்கள். திருவனந்தபுரத்திலுள்ள மத்தியக் கிழங்குப் பயிர்கள் ஆராய்ச்சி நிறுவனம் உருவாக்கிய பூ சோனா ஆரஞ்சு நிறச் சதை கொண்டது. கிடைத்தால் அந்த நிறம் அப்படியே வரும்.

மேலே மார்ஷ்மெல்லோ பரப்புவது 1917-இல் ஒரு மார்ஷ்மெல்லோ நிறுவனம் வெளியிட்ட சமையல் கையேட்டால் பரவிய பழக்கம். சர்க்கரைப் பாகில் ஜெலட்டின் கலந்து காற்றேற்றிய நுரை அது. ஜெலட்டின் நம் உடல் சூட்டை ஒட்டியே உருகிவிடும் என்பதால், அரை மணி நேரம் ஓவனில் இருந்தால் நுரை உட்கார்ந்து வெறும் பாகாகிவிடும். கடைசி ஐந்து நிமிடத்தில் போட்டு, கண் எடுக்காமல் பார்த்து, மேல்பக்கம் பொன்னிறமானதும் எடுத்துவிடுங்கள். பொன்னிறத்துக்கும் கருகலுக்கும் இடையே அரை நிமிடம்கூட இருக்காது. ஜெலட்டின் விலங்குகளின் தோலிலிருந்தும் எலும்பிலிருந்தும் வருவது. சைவர்கள் அதற்குப் பதில் பொடித்த பீக்கன் பருப்பையோ வால்நட்டையோ வெண்ணெயில் பிசறித் தூவலாம்.

வெளியே எடுத்ததும் பரிமாறாதீர்கள். பாகு ஆறினால்தான் கெட்டிப்படும். பத்து நிமிடம் பொறுத்தால் வில்லையைத் தூக்கும்போது அது வழிந்தோடாமல் கூடவே ஒட்டிக்கொண்டு வரும்.